பின்வாசலில் மூன்று படிகள்

கொத்தனார் தர்மராஜ் பின்வாசலில் குந்தி உட்கார்ந்து, மூன்று படிகளையும் கரண்டியின் காம்பால் தட்டிப் பார்த்தார். பாசி பிடித்திருந்த கீழ்ப்படியைத் தட்டியபோது சத்தம் மந்தமாக வந்தது.

"ரெண்டு நாள் வேலைங்க டீச்சர். இதைக் கொத்தி எடுத்துட்டுச் சரிவாப் போட்டுரலாம். ஐயாவைச் சேர்ல உக்கார வெச்சுத் தள்ளிட்டே போயிரலாம். இல்ல, ரூமுக்குள்ளயே வெஸ்டர்ன் வெக்கணும்னா அந்த மூலையில சுவத்தை ஒடச்சு பைப்பை வெளிய விட்டுரலாம். எது செய்யட்டும்?"

"உடைக்காம முடியாதா?" என்று கேட்டாள் இருதயமேரி.

"உடைக்காம எப்படிங்க டீச்சர் கட்டுறது?"

உள்ளே கட்டிலிலிருந்து அவள் கணவர் அமிர்தராஜின் குரல் வந்தது. பக்கவாதம் வந்தபிறகு வார்த்தைகள் அவருக்கு மெதுவாகத்தான் வரும், ஓரங்கள் தேய்ந்து. கேலி மட்டும் தேயவில்லை. "தர்மராஜு, இந்த வீட்டுல ஒரு ஆணி அடிக்கணும்னாலே மதுரைக்கு டிக்கெட் எடுக்கணும்ப்பா. படிக்கட்டுன்னா டெல்லிக்குத்தான்."

தர்மராஜ் புரியாமல் சிரித்தார். இருதயமேரி அவருக்குக் காபி கொடுத்து, பிறகு சொல்லி அனுப்புவதாகச் சொன்னாள். போகும்போது அவர் அந்தப் படிகளை இன்னொரு முறை திரும்பிப் பார்த்துக்கொண்டு போனார், இவ்வளவு சின்ன வேலையை ஏன் தள்ளிப் போடுகிறார்கள் என்பதுபோல.

மேலப்புதூரில் கோயிலுக்குப் பின்னால் போகும் சந்தில் இருந்தது வீடு. அவளுடைய அப்பா அற்புதசாமி பொன்மலை ரயில்வே பட்டறையில் வேலை பார்த்த காலத்தில் கட்டியது. கல்யாணமாகிப் பல வருடம் வாடகை வீடுகளில் இருந்துவிட்டு, அம்மா இறந்தபிறகு அப்பாவைப் பார்த்துக்கொள்ள இருதயமேரி கணவனுடன் இங்கேயே வந்துவிட்டாள். அப்பா போனபிறகுதான் தெரிந்தது, ஆஸ்பத்திரியில் படுத்திருந்த கடைசி மாதங்களில் அவர் வீடு முழுவதையும் அண்ணன் ஜெபராஜின் பேருக்கு எழுதிக் கொடுத்திருக்கிறார் என்று. அப்போது அப்பாவுக்கு ஆள் அடையாளமே தெரியவில்லை, அந்தப் பத்திரம் செல்லாது, எனக்கும் பாதி உண்டு என்று அவள் வழக்குப் போட்டாள். திருச்சி கோர்ட்டில் தோற்றாள். மதுரையில் ஹைகோர்ட் கிளைக்கு அப்பீல் போனாள்.

அப்பீல் போட்ட வாரமே ஜெபராஜின் மகன் பிரவீன்ராஜ் ஒரு இன்ஜினியரைக் கூட்டிக்கொண்டு வந்து டேப்பை நீட்டினான். சந்து முனையில் மஞ்சள் நிறத்தில் ஒரு ஜேசிபி வந்து நின்றது. இடித்துவிட்டு நான்கு மாடி கட்டப் போகிறார்களாம். அன்று அவள் ஸ்ரீரங்கத்தில் இருக்கும் வக்கீல் ரங்கநாதன் வீட்டு வாசலில் செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்று, "ஒரு செங்கல்கூட அசையக் கூடாது சார்" என்று அழுதாள்.

அவள் கேட்டபடியே கிடைத்தது. அப்பீல் முடியும்வரை சொத்து இப்போது இருக்கிற நிலையிலேயே இருக்க வேண்டும். விற்கக் கூடாது, இடிக்கக் கூடாது, புதிதாக எதுவும் கட்டக் கூடாது. இரண்டு தரப்பும். கோர்ட் நியமித்த ஒரு இளம் வக்கீல் வந்து வீட்டை மூலைமூலையாகப் படம் எடுத்துக்கொண்டு போனார். சமையலறைச் சுவரின் விரிசல், கொய்யா மரம், பின்வாசலின் மூன்று படிகள், முற்றத்துக்கு அந்தப் பக்கம் இருக்கும் குளியலறை. இருதயமேரி ஒவ்வொன்றையும் காட்டிக் கொடுத்தாள். ஒன்று விட்டுப்போனாலும் அது களவு போய்விடும் என்பதுபோல இருந்தது அவளுக்கு.

அடுத்த வருடம் அமிர்தராஜுக்கு வலது பக்கம் விழுந்தது.

அவர் அரசுப் பேருந்தில் கண்டக்டராக இருந்தவர். ஓடும் பஸ்ஸில் எதையும் பிடிக்காமல் நின்று டிக்கெட் கிழித்தவர். இப்போது பின்வாசலில் நின்று கீழே பார்ப்பார், கிணற்றைப் பார்ப்பதுபோல. அவள் வலது பக்கம் நின்று இடுப்பைப் பிடித்துக்கொள்வாள். ஒரு படி, நிற்பது. இன்னொரு படி, நிற்பது. "படியில நிக்காதீங்க, உள்ள போங்க, உள்ள போங்க" என்று அவரே சொல்லிக்கொள்வார். மழை பெய்தால் முற்றம் வழுக்கும். ஒரு நாள் இரண்டு பேருமே விழுந்தார்கள்.

கட்டில் பக்கத்தில் வைக்கிற ஓட்டை போட்ட நாற்காலி ஒன்றை வாங்கி வந்தாள். அவர் அதை ஒரு முறைகூடப் பயன்படுத்தவில்லை. "மேல திரு இருதய ஆண்டவர் கையை விரிச்சுக்கிட்டு நிக்கிறாரு. கீழ நான் இதுல உக்காரணுமா? அவரு என்ன நெனைப்பாரு?" படத்தை வேறு அறைக்கு மாற்றுகிறேன் என்றாள். "ஆணி புடுங்கணுமே. கோர்ட்டு ஒத்துக்குமா?" என்றார். வேடிக்கைதான். ஆனால் வேடிக்கை முடிந்தபிறகும் அவர் முகம் அவளிடமிருந்து திரும்பியே இருந்தது. பிளாஸ்டிக் குடுவை கொண்டுவந்தபோது அதைத் தட்டிவிட்டார். இடது கையை மட்டும் வைத்துக்கொண்டு அதைச் சமாளிக்க அவரால் முடியாது. அவள் பிடிக்க அவர் விடமாட்டார்.

சாய்வாகப் பலகை போட்டுப் பார்த்தாள். படி உயரம், பலகை செங்குத்தாக நின்றது. பின்வாசலிலிருந்து குளியலறைவரை மழைக்கு ஒரு தகரக் கூரை போட்டாள். பிரவீன்ராஜ் பக்கத்து மாடியில் ஏறிப் படம் எடுத்தான். கோர்ட் உத்தரவை மீறிக் கட்டுமானம் செய்ததாக நோட்டீஸ் வந்தது. நான்கு மூங்கிலும் இரண்டு தகரமும் கட்டுமானமாம். ரங்கநாதன் போனில் கெஞ்சினார்: "அம்மா, அதை இன்னிக்கே பிரிச்சுடுங்கோ. தடை வாங்கினவாளே தடையை மீறினான்னு போனா நமக்கு ஒண்ணும் மிஞ்சாது." அவளே நாற்காலி போட்டு ஏறிக் கயிற்றை அறுத்தாள். அமிர்தராஜ் ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருந்தார்.

தர்மராஜ் வந்துபோன மறுநாள் அவள் ஒன்றாம் நம்பர் பஸ்ஸில் ஸ்ரீரங்கம் போனாள். உத்தர வீதியில் ரங்கநாதனின் வீடு. முன்னறைதான் ஆபீஸ். பூஜையை முடித்துவிட்டு நெற்றியில் ஈரம் காயாமல் வந்து உட்கார்ந்தார்.

"மனு போடலாம்மா. போட முடியாதுன்னு சொல்லலை. ஆனா நாம தடை வாங்கின மறு மாசமே அதை நீக்கணும்னு அவா ஒரு மனு போட்டிருக்கா. இன்னிக்கு வரைக்கும் அது விசாரணைக்கு வரலை. கேஸ் கட்டுக்கு நடுவுல எங்கயோ தூங்கிண்டிருக்கு. இப்ப படி கட்டணும்னு நாம போய் நின்னா மொத்தக் கட்டும் மேல வரும். ஜட்ஜ் மொதல்ல என்ன கேப்பார்? கீழ்க்கோர்ட்டுல தோத்தது யாருன்னு கேப்பார்."

"நாமதான்."

"நாமதான். பர்மிஷன் கேக்கப் போய் வீட்டையே விட்டுட்டு வரப்படாது பாருங்கோ."

"அவர் குளிக்க, வெளிக்குப் போக ஒரு வழி வேணும் சார். அதுக்குக்கூடவா?"

ரங்கநாதன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அவர் கெட்டவர் இல்லை. "ஒரு வழி இருக்கு. அண்ணா ஒத்துண்டு, ரெண்டு பேருமா சேர்ந்து கையெழுத்துப் போட்டு ஒரு மெமோ குடுத்தா கோர்ட் உடனே அனுமதிச்சுடும். சண்டையே இல்லையே. அண்ணாகிட்ட பேசுவேளா?"

அண்ணனிடம் பேசி எவ்வளவோ காலமாகிவிட்டது. கே.கே. நகரில் அவர் வீட்டு வழியாகப் போகிற பஸ்ஸில் ஏறினால்கூட அவள் அந்த ஸ்டாப்பில் மறுபக்கம் பார்த்து உட்கார்ந்துகொள்வாள். இருவரும் தவறாமல் வருகிற இடம் ஒன்றே ஒன்றுதான். அங்கேயும் பார்த்துக்கொள்ளாமல் இருக்க ஒரு ஏற்பாடு இருந்தது, யாரும் பேசி வைக்காத ஏற்பாடு. கல்லறைத் திருநாளன்று காலைப் பூசைக்குப் பிறகு அவள் அப்பா அம்மா கல்லறைக்குப் போவாள். மாலையில், சாமியார் தீர்த்தம் தெளித்து மந்திரிக்கிற நேரத்தில், அவர் போவார்.

இந்த வருடம் அவள் மாலையில் போனாள்.

கல்லறைத் தோட்டம் முழுக்க மெழுகுவர்த்தியும் சாமந்தியும். மழை வந்துவிடும்போல இருந்ததால் எல்லாரும் அவசரமாக இருந்தார்கள். அப்பாவின் கல்லறை ஒரு வாரத்துக்கு முன்பு அவள் ஆள் வைத்து வெள்ளை அடித்தது. இப்போது அதன்மேல் இளநீலம் ஏறியிருந்தது. ஒவ்வொரு வருடமும் இப்படித்தான். அவள் வெள்ளை அடிப்பாள், அவர் நீலம் அடிப்பார். அந்தக் கல்லறைக்கு மட்டும் வருடத்துக்கு இரண்டு பூச்சு.

ஜெபராஜ் குனிந்து மெழுகுவர்த்தியைக் கொளுத்த முயன்றுகொண்டிருந்தார். காற்று அணைத்தது. முடி மொத்தமும் நரைத்திருந்தது. பின்கழுத்து அப்படியே அப்பாவின் பின்கழுத்து.

"கையை இப்படி வெச்சு மறைங்கண்ணே."

திரும்பிப் பார்த்தார். "மேரியா? நீ காலையிலதானே வருவே?"

"உங்களைப் பாக்கத்தான் நின்னேன்."

"என்னை எதுக்குப் பாக்கணும்? பாக்கணும்னா சம்மன் அனுப்பிருவியே." கல்லறையைக் காட்டினார். "இதுக்கும் ஒரு ஸ்டே வாங்கிட வேண்டியதுதானே. பெயிண்டு செலவாவது மிச்சமாகும்."

"வாங்கியிருப்பேன். நீங்க நீலம் அடிச்சா அப்பாவுக்குப் பிடிக்கும், அதான் விட்டுட்டேன்."

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டார். அவள் பக்கத்தில் உட்கார்ந்து, இரண்டு கைகளாலும் திரியை மறைத்தாள். அவர் கொளுத்தினார். எரிந்தது.

"மாப்ளை எப்படி இருக்காரு?"

அவள் சொன்னாள். படி, மழை, விழுந்தது, நாற்காலி, தகரம் எல்லாம். அவர் கேட்டுக்கொண்டே உருகிய மெழுகை நகத்தால் சுரண்டினார்.

"நானா தடுத்தேன்? கோர்ட்டு தடுத்துச்சு. கோர்ட்டை யாரு கூட்டிட்டு வந்தது?"

"தகரத்துக்கு நோட்டீஸ் அனுப்பினதும் கோர்ட்டா?"

"அது பிரவீன் பண்ணது. எனக்கு அப்புறந்தான் தெரியும்." நகத்தில் ஒட்டிய மெழுகை உதறிவிட்டு, "யாருக்காக மேரி இதெல்லாம்? உனக்குப் பிள்ளையா குட்டியா? நாளைக்கு உனக்கப்புறம் அந்த வீட்டுல விளக்குப் போட யாரு இருக்கா?" என்றார்.

அவள் இந்தக் கேள்வியை எதிர்பார்த்துத்தான் வந்திருந்தாள். ஆனாலும் நெஞ்சில் இடம் பார்த்து இறங்கியது.

"அப்பா எனக்கு ஒண்ணும் இல்லேன்னு ஒரு தடவை சொன்னாராண்ணே? அவரு வாயால? கையெழுத்துப் போடறப்ப என் பேரு அவருக்கு ஞாபகம் இருந்துச்சா? அதை மட்டும் சொல்லுங்க, நான் இப்பவே கேஸை எடுத்துடறேன்."

ஜெபராஜ் கல்லறையைப் பார்த்தார். அற்புதசாமி என்ற பெயரின் மேல் நீலப் பெயிண்ட் வழிந்து காய்ந்திருந்தது. சாமியார் பக்கத்து வரிசைக்கு வந்துவிட்டார். ஜெபமாலை சொல்லும் குரல்கள் நெருங்கின.

"படி கட்டிக்கோ," என்றார் கடைசியில். "வக்கீல்கிட்ட சொல்றேன். என்ன எழுதணுமோ எழுதி வெக்கட்டும், கையெழுத்துப் போடறேன். உனக்காக இல்ல. மாப்ளை நல்ல மனுஷன். என் கல்யாணத்துக்குப் பந்தி பரிமாறினவரு."

தீர்த்தம் இருவர் மீதும் தெறித்தது. வீட்டுக்குத் திரும்பும்போது நனைந்துகொண்டே நடந்தாள். குடை கையில் இருந்தது, விரிக்கத் தோன்றவில்லை. ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகள் ஆண்டு விழாவுக்குப் பிறகு நடந்துபோவதுபோல நடக்கிறோம் என்று நினைத்துக்கொண்டாள்.

ரங்கநாதன் கூப்பிட்டபோது பத்து நாள் ஆகியிருக்கலாம். மெமோ வந்திருக்கிறது, அண்ணன் கையெழுத்துப் போட்டிருக்கிறார் என்றார். குரலில் ஏதோ தயக்கம் இருந்தது. அவள் அதைப் பொருட்படுத்தாமல் தர்மராஜுக்குப் போன் செய்து, அடுத்த வாரம் தயாராக இருங்கள் என்று சொல்லிவிட்டுத்தான் பஸ் ஏறினாள்.

"எல்லாம் சரியாத்தான் எழுதியிருக்கா," என்றார் ரங்கநாதன். "சாய்தளம், கழிப்பறை, எல்லாத்துக்கும் சம்மதம். ஒரு வரிதான் இடிக்கிறது. நீங்களே படிங்கோ."

படித்தாள். சொத்தின் உரிமையாளரான ஜெபராஜின் அனுமதியின் பேரில் மேற்படி வீட்டில் குடியிருந்துவரும் இருதயமேரி, அவருடைய சம்மதத்துடன் மேற்கண்ட வேலைகளைச் செய்துகொள்ள...

"இது என்னன்னா," ரங்கநாதன் விரலால் அந்த வரியைத் தொட்டார், "நீங்க பங்குக்காரி இல்லை, அவர் தயவுல இருக்கேள்னு நீங்களே ஒத்துண்ட மாதிரி. இதைக் கோர்ட்டுல குடுத்தப்புறம் அப்பீல்ல நான் வாயைத் திறக்க முடியாது. அந்த வரியை எடுங்கோன்னு கேட்டேன். பையன் முடியாதுன்னுட்டானாம். எடுத்தா மெமோவே கிடையாதாம்."

"அண்ணனுக்கு இது தெரியுமா?"

"கையெழுத்துப் போட்டிருக்காரே. படிச்சாரா இல்லையான்னு பெருமாளுக்குத்தான் தெரியும். இப்பவே சொல்ல வேண்டாம். இதை ஆத்துக்கு எடுத்துண்டு போய் யோசியுங்கோ."

பஸ் காவிரிப் பாலத்தில் ஊர்ந்தது. ஆற்றில் இரண்டு கரையும் தொட்டுத் தண்ணீர். அவள் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு யோசித்தாள், வீட்டைப் பற்றி அல்ல. வீடு அவளுக்கு எப்போதோ ஒரு பொருட்டாக இல்லாமல் போய்விட்டது. விரிசல் விட்ட சுவர், ஒழுகும் மொட்டைமாடி. ஜெயித்தாலும் அதில் பாதியை வைத்துக்கொண்டு என்ன செய்யப் போகிறாள்? ஆனால் வழக்கு முடியாமல் இருக்கும்வரை அப்பா அவளைப் பற்றி இன்னும் எதுவும் சொல்லவில்லை. அந்த ஆஸ்பத்திரிக் கட்டிலில் பேனாவைப் பிடித்தபடி அவர் கை அந்தரத்தில் நிற்கிறது. கீழ்க்கோர்ட் அந்தக் கையை இறக்கிவிட்டது, தடை உத்தரவு மறுபடி தூக்கி நிறுத்தியது. இந்த மெமோவில் கையெழுத்துப் போட்டால் அவளே அதைப் பிடித்து இறக்கியதாக ஆகும். ஆமாம் அப்பா, எனக்கு எதுவும் இல்லை, நான் அண்ணன் தயவில் இருக்கிறேன்.

இதையெல்லாம் யாரிடம் சொல்வது? சொன்னால், புருஷன் ஒண்ணுக்குப் போக வழியில்லாமல் கிடக்கிறான், இவள் செத்தவர் கையைப் பற்றிப் பேசுகிறாள் என்பார்கள். சரியாகத்தான் சொல்வார்கள்.

வீட்டில் அமிர்தராஜ் விழித்திருந்தார். "என்ன டீச்சர், டெல்லி டிக்கெட் கெடச்சுதா?"

"இன்னும் ஒரு விஷயம் பாக்கி இருக்கு," என்றாள். அவர் அவளுடைய முகத்தைக் கொஞ்சம் அதிக நேரம் பார்த்தார். பிறகு, "மெதுவா ஆகட்டும், என்ன அவசரம்" என்றார்.

தர்மராஜ் இரண்டு முறை போன் செய்தார். இந்த வாரம் மழை என்றாள். அடுத்த வாரமும் மழைதான், பொய்யில்லை. மெமோ அவளுடைய கைப்பையிலேயே இருந்தது. தினமும் காலையில் இன்று போட்டுவிட வேண்டும் என்று எழுந்தாள். சாயங்காலம் அவரை மெதுவாகப் படி இறக்கிக் கூட்டிப்போகும்போது, பரவாயில்லை, இன்றைக்கு நன்றாகத்தான் இறங்குகிறார் என்று தோன்றும். உண்மையில் அவர் முன்பைவிடக் குறைவாகத்தான் இறங்கினார். காலையில் ஒரு முறை. மாலையில் ஒரு முறை. அது அவளுக்குச் சௌகரியமாக இருந்தது. ஏன் என்று அவள் கேட்டுக்கொள்ளவில்லை.

ஒரு மத்தியானம் ஜன்னல் ஓரத்துக் குரோட்டன்ஸ் தொட்டியில் தண்ணீர் தேங்கி நின்றதைப் பார்த்தாள். ஜன்னலுக்கு உள்ளே இருக்கிற தொட்டி, மழை படாது. அவள் தண்ணீர் ஊற்றவில்லை. கட்டிலுக்குப் பக்கத்தில் சொம்பு காலியாக இருந்தது. அவர் உதடுகள் வெடித்து, ஓரத்தில் வெள்ளையாகக் காய்ந்திருந்தன.

"தண்ணியைச் செடிக்கு ஊத்துறீங்களா?"

"அதுவும் உசுருதானே டீச்சர்."

"எத்தனை நாளா?"

அவர் நெற்றியில் கை வைத்தாள். கொதித்தது. அடிவயிறு கல்லாக இருந்தது, தொட்டபோது முனகினார்.

ஆஸ்பத்திரியில் டாக்டர் அல்ஷிஃபா, அவளிடம் படித்த பிள்ளைகளின் வயதுதான் இருக்கும், ரிசல்ட்டைப் பார்த்துவிட்டு அவரிடம் குனிந்தாள். "ஐயா, தண்ணியே குடிக்கிறதில்லையா நீங்க?"

"கண்டக்டர் வேலைம்மா. வண்டி ஏறிட்டாத் தண்ணி தொடக் கூடாது. நடுவுல எங்க எறங்குறது? பழகிப்போச்சு."

டாக்டர் சிரித்தாள். இருதயமேரியும் பல வருடம் இதையே கேட்டுச் சிரித்திருக்கிறாள். ரிட்டயர் ஆகி இத்தனை காலத்துக்குப் பிறகு அவர் எந்த வண்டியில் இருக்கிறார் என்பது இப்போது அவளுக்குத் தெரிந்தது.

டாக்டர் வெளியே போனபிறகு அவருடைய இடது கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். "என்கிட்ட சொல்லியிருக்கலாமே."

"எதை?"

"எறங்க முடியலேன்னு."

"உனக்குத் தெரியாதா?"

அதில் கோபம் இல்லை. இருந்திருந்தால் அவள் பிடித்துக்கொள்ள ஒன்று கிடைத்திருக்கும். கண்ணை மூடிக்கொண்டு, வார்த்தை வார்த்தையாகச் சொன்னார்: "நீ ஏதோ ஒரு பேப்பரைப் பையில வெச்சுக்கிட்டு அலையுறே. எடுக்குறே, பாக்குறே, வெக்குறே. போட முடியாத கையெழுத்துன்னா போடாதே. என் பக்கத்துல நான் கொஞ்சம் கொறச்சுக்கிட்டேன். அவ்வளவுதான்."

வராந்தாவுக்கு வந்து ரங்கநாதனைக் கூப்பிட்டாள். "நான் கையெழுத்துப் போடறேன் சார். நாளைக்கு வரேன்." சொன்னதும் உடம்பு லேசானது. எல்லாம் முடிந்தது, அப்பா கையை இறக்கிக்கொள்ளட்டும். மறுநாள் காலை கிளம்புவதற்கு முன் டாக்டரைப் பார்த்துவிட்டுப் போகலாம் என்று நின்றாள்.

"யூரின் அடைச்சுக் கிட்னியைப் பாதிச்சிருக்குங்க மிஸ்," என்றாள் அல்ஷிஃபா. "ட்யூப் போட்டிருக்கோம். ஆபரேஷன் தாங்குற உடம்பு இல்ல. ட்யூப் அப்படியே இருக்கட்டும், மாசம் ஒரு தடவை வந்து மாத்திக்கலாம். கால்லயும் பலம் ரொம்பக் கொறஞ்சிருக்கு. இனிமே நடந்து பாத்ரூம் போறதெல்லாம் கஷ்டம். எல்லாமே படுக்கையிலதான் பாத்துக்கணும்."

இருதயமேரி தலையை ஆட்டினாள். பையைத் தோளில் மாட்டியபடி நின்றிருந்தாள். அப்போது அவளுக்குள் முதலில் எழுந்தது அழுகை இல்லை. அப்படியென்றால் படி தேவையில்லை, கையெழுத்தும் தேவையில்லை. ஒரு நிமிடம்கூட இருக்காது, ஆனால் அது வந்தது, இறுக்கிப் பிடித்திருந்த எதையோ யாரோ விடுவித்ததுபோல. அது நிம்மதி என்று அவளுக்குத் தெரிந்தபோது, பக்கத்தில் இருந்த பெஞ்சில் உட்கார்ந்துவிட்டாள். டாக்டர் பயந்துபோய் அவள் தோளைத் தொட்டு, "வயசானவங்களுக்கு இது சகஜம் மிஸ், தைரியமா இருங்க" என்றாள். அந்தப் பெண் இவ்வளவு அன்பாக இருப்பதைத் தாங்க முடியாமல் அவள் எழுந்து போனாள்.

அன்று அவள் ஸ்ரீரங்கம் போகவில்லை.

சாயங்காலம் ஜெபராஜ் ஆரஞ்சுப் பழப் பையோடு வந்தார். கட்டில் கால்மாட்டில் தொங்கிய பையையும் ட்யூபையும் பார்த்துவிட்டுச் சட்டென்று கண்ணைத் திருப்பிக்கொண்டார்.

"வாங்க மச்சான்," என்றார் அமிர்தராஜ். "சீட்டு இல்ல, நின்னுக்கிட்டே வாங்க."

ஜெபராஜ் அவர் கையைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். பிறகு அவளோடு வராந்தாவுக்கு வந்தார்.

"படி கட்டலையா மேரி? நான்தான் அன்னைக்கே கையெழுத்துப் போட்டுக் குடுத்தேனே."

"அதுல என்ன எழுதியிருந்துச்சுன்னு படிச்சீங்களாண்ணே?"

"பிரவீன் கொண்டுவந்தான், போட்டேன். ஏன், என்ன?"

அவள் அவர் முகத்தைப் பார்த்தாள். உண்மையாகவே தெரியாதா, தெரிந்தும் கேட்கிறாரா? சின்ன வயதில் அவர் பொய் சொன்னால் காது சிவக்கும். இப்போது எதுவும் சிவக்கவில்லை. அப்பாவும் இப்படித்தான் போட்டிருப்பாரோ என்று தோன்றியது. யாரோ கொண்டுவந்தார்கள், போட்டார். அவளைத் தள்ளியதும் இல்லை, நினைத்ததும் இல்லை. இத்தனை காலம் அவள் காத்திருந்த கேள்விக்குப் பதிலே இல்லாமல் இருக்கலாம்.

"ஒண்ணுமில்லண்ணே. மழையா இருந்துச்சு, அதான் கட்டலை."

"பாத்தியா, சொன்னாக் கேக்க மாட்டே. நாளைக்கு நாளைக்குன்னு தள்ளுவே, சின்ன வயசுலேர்ந்தே அப்படித்தான் நீ," என்று கடிந்துகொண்டார். அந்தக் கடிதலில் பாசம் இருந்தது. அவள் அதையும் வாங்கிக்கொண்டாள்.

வீட்டுக்கு வந்த அன்றும் மழை. ரங்கநாதன் கூப்பிட்டார். "அம்மா, வரேன்னேள், வரலையே? மெமோவுக்கு அவாளுக்கு என்ன பதில் சொல்லட்டும்?"

"தேவைப்படலை சார். அப்படியே விட்டுருங்க."

"நல்ல முடிவும்மா. அப்பீல் நம்பிக்கையா இருக்கு, பாத்துக்கலாம். அவர் எப்படி இருக்கார்?"

"இருக்கார்."

கட்டிலிலிருந்து அமிர்தராஜ் சொம்பைக் காட்டினார். அவள் தலையைத் தாங்கிக்கொள்ள, இடது கையால் சொம்பைப் பிடித்து நிறுத்தாமல் குடித்தார். தொண்டைக்குழி ஏறி இறங்கியது. கழுத்து வழியே தண்ணீர் ஒழுகிச் சட்டையை நனைத்தது. முழுவதும் குடித்துவிட்டு மூச்சு வாங்கினார்.

"இன்னொன்னு குடு டீச்சர். இப்ப எவ்வளவு வேணும்னாலும் குடிக்கலாம். எறங்க வேண்டிய ஸ்டாப்பே இல்ல."

அவள் மறுபடி நிரப்பிக் கொடுத்தாள். அதையும் குடித்தார். மேலே திரு இருதய ஆண்டவர் கையை விரித்துக்கொண்டு நின்றிருந்தார். கட்டிலில் தொங்கிய பை மெல்ல மஞ்சளாகிக் கனத்தது. அவர் தூங்கியபிறகு டாக்டர் சொல்லிக் கொடுத்தபடி அடியிலிருந்த குழாயைத் திறந்து வாளியில் வடித்துக்கொண்டாள்.

பின்வாசலைத் திறந்தாள். முற்றத்துக்கு அந்தப் பக்கம் குளியலறை. ஒரு கையில் வாளி, இன்னொரு கையால் நிலையைப் பிடித்துக்கொண்டு முதல் படியில் காலை வைத்தாள். நின்றாள். இரண்டாவது படி. நின்றாள். கீழ்ப்படியில் பாசி முன்பைவிடத் தடிப்பாக இருந்தது, அதைச் சுரண்டி எடுக்கக்கூட அவளுக்குக் கை வரவில்லை. மழை வாளிக்குள் விழுந்துகொண்டிருந்தது. இறங்கவும் செய்யாமல் ஏறவும் செய்யாமல் அவள் அங்கேயே கொஞ்ச நேரம் நின்றிருந்தாள்.